க்ரூஸ்: காலியான ஊரின் மூன்று புத்தகங்கள்

பிரெஞ்சு மொழியில் 'க்ரூஸ்' என்ற சொல்லுக்கு உள்ளே ஒன்றும் இல்லாதது, குழிந்தது என்றொரு பொருள் உண்டு. பிரான்ஸின் நடுப்பகுதியில் ஓடும் ஓர் ஆற்றுக்கும், அந்த ஆற்றை ஒட்டி அமைந்த மாவட்டத்துக்கும் அதுதான் பெயர். ஆற்றுக்கு அந்தப் பெயர் எப்படி வந்தது என்பது வேறு கதை. ஆனால் இன்றைய பிரெஞ்சுக்காரர் ஒருவர் அந்தப் பெயரைக் கேட்டதும் அவர் மனதில் முதலில் வருவது இந்தக் 'காலி'தான். போதாக்குறைக்கு, நாட்டின் வடகிழக்கிலிருந்து தென்மேற்கு வரை மக்கள் குறைந்த மாவட்டங்களின் மேல் ஒரு சாய்கோட்டைப் போட்டு, புவியியலாளர்கள் அதற்கு 'வெறுமையின் மூலைவிட்டம்' என்று பெயர் வைத்தார்கள். க்ரூஸ் அந்தக் கோட்டின் நடுவில் சரியாக விழுந்துவிட்டது.

எண்களைப் பார்த்தால் பெயர் பொருத்தம் என்றுதான் தோன்றும். பிரெஞ்சுப் புரட்சி பழைய மாகாணங்களைக் கலைத்து 1790-ல் உருவாக்கிய மாவட்டங்களில் இதுவும் ஒன்று. பரப்பு சுமார் 5,565 சதுர கிலோமீட்டர். 1851-ல் இங்கே 2 லட்சத்து 87 ஆயிரம் பேர் இருந்தார்கள். அதுதான் உச்சம். 1911-ல் 2 லட்சத்து 66 ஆயிரம். முதல் உலகப்போர் முடிந்து 1921-ல் எண்ணியபோது 2 லட்சத்து 28 ஆயிரம். 1962-ல் 1 லட்சத்து 63 ஆயிரம். இப்போது ஏறக்குறைய 1 லட்சத்து 15 ஆயிரம். தலைநகரான கெரேயிலேயே 13 ஆயிரம் பேர்தான். ஐரோப்பியப் பெருநிலத்தில் இருக்கிற பிரெஞ்சு மாவட்டங்களில் இதைவிட மக்கள் குறைவான இடம் லோஸேர் ஒன்றுதான்.

டேட்டாபேஸோடு வேலை செய்பவர்களுக்கு ஒரு வித்தியாசம் பழகியிருக்கும். ஒரு கட்டத்தில் பூஜ்யம் இருப்பது ஒன்று, அந்தக் கட்டத்தில் எதுவுமே பதியப்படாமல் 'நல்' என்று இருப்பது இன்னொன்று. பூஜ்யம் என்றால் எண்ணிப் பார்த்தோம், இல்லை என்று பொருள். நல் என்றால் நமக்குத் தெரியாது என்று பொருள். இரண்டையும் குழப்பிக்கொண்டால் அறிக்கை தப்பாக வரும். க்ரூஸைப் பற்றிப் பேசும்போது பிரான்ஸ் ரொம்ப காலமாக இந்தக் குழப்பத்தைத்தான் செய்துகொண்டிருக்கிறது. யார் போனார்கள், ஏன் போனார்கள், யாரைக் கொண்டுவந்தார்கள் என்பதையெல்லாம் 'காலி' என்ற ஒற்றைச் சொல் மூடிவிடுகிறது. அந்த மூடியைத் திறக்கிற மூன்று புத்தகங்களைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. அதில் ஒன்று நவீன பிரெஞ்சு இலக்கியத்தின் மகத்தான படைப்புகளில் ஒன்று. மற்ற இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் அதன் பலமும் எல்லையும் தெரிகிறது என்பது என் வாதம்.

*

க்ரூஸ் கிரானைட் பூமி. தெற்கே மில்வாஷ் பீடபூமி தொள்ளாயிரம் மீட்டருக்கு மேல் ஏறுகிறது. புளித்த மண், நீண்ட குளிர். கோதுமை சரியாக வராது. ரை, பக்வீட், செஸ்ட்நட் இவைதான் பல நூற்றாண்டுகளுக்கு ஏழைகளின் சாப்பாடு. துண்டு துண்டான நிலத்தில் வரி கட்டவும் கடன் அடைக்கவும் காசு வேண்டுமென்றால் வெளியே போய்ச் சம்பாதிக்கத்தான் வேண்டும். கல்லோடு வாழ்ந்தவர்களுக்குத் தெரிந்த தொழில் கொத்து வேலை. எனவே ஒவ்வொரு மார்ச்சிலும் ஆண்கள் கூட்டம் கூட்டமாகப் பாரிஸுக்கும் லியோனுக்கும் கிளம்பினார்கள். குளிர்காலம் தொடங்கும்போது திரும்பினார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் ஆண்டுக்கு முப்பதாயிரம் பேருக்கு மேல் இப்படிப் போய்வந்தார்கள். ஊரில் விதைப்பு, அறுப்பு, மாடு, பிள்ளைகள், வயசானவர்கள் எல்லாம் பெண்கள் தலையில். வருஷத்தில் எட்டு ஒன்பது மாதம் அது பெண்களின் ஊர்.

அந்தக் கொத்தனார்களில் ஒருவர் எழுதிய புத்தகம்தான் முதலாவது. மார்த்தேன் நதோ 1815-ல் சூப்ரபோஸ்ட் பக்கத்தில் ஒரு குக்கிராமத்தில் பிறந்தார். 1830-ல், பதினான்கு வயதில், அப்பாவோடு பாரிஸுக்குக் கிளம்பினார். நாட்கணக்கில் நடை, பிறகு வண்டி. 1849-ல் நாடாளுமன்ற உறுப்பினர் ஆனார். 1851 டிசம்பரில் லூயி நெப்போலியன் ஆட்சியைக் கைப்பற்றியதும் நாடு கடத்தப்பட்டார். இங்கிலாந்தில் வேறொரு பெயரில் ஆசிரியராகப் பிழைத்தார். 1870-ல் குடியரசு திரும்பியபோது, சாந்துச் சட்டி சுமந்து கிளம்பிய அதே க்ரூஸுக்கு அரசு ஆட்சியராக வந்தார். 1895-ல் தன் கதையை எழுதி வெளியிட்டார். தலைப்பைத் தமிழில் சொன்னால் 'முன்னாள் சித்தாள் லெயோனாரின் நினைவுகள்'. இதில் 'சித்தாள்' என்பது என் அலங்காரம் இல்லை, மூலத்தில் இருப்பது கிட்டத்தட்ட அதே சொல்தான்.

இந்தப் புத்தகத்தில் இலக்கிய நேர்த்தியைத் தேடினால் ஏமாற்றம்தான். பாதி அரசியல், பாதி அறிவுரை. எனக்குத் தெரிந்த அரைகுறை பிரெஞ்சையும் மெஷின் டிரான்ஸ்லேஷனையும் வைத்துத் தட்டுத்தடுமாறிப் படித்தபோது பல பக்கங்களைத் தாண்டத் தோன்றியது. ஆனால் சில இடங்களில் நின்றுவிடுவோம். நதோவைப் பள்ளிக்கு அனுப்புவதா வேண்டாமா என்று வீட்டில் நடக்கிற சண்டை அப்படி ஒன்று. அப்பா அனுப்பணும் என்கிறார், தாத்தாவும் அம்மாவும் வேண்டாம் என்கிறார்கள். தாத்தாவின் தர்க்கம் எளிமையானது: எங்களில் யாருக்கும் எழுத்துத் தெரியாது, ஆனாலும் சாப்பிட்டுக்கொண்டுதானே இருந்தோம்? பாரிஸில் கொத்தனார்கள் நெருக்கியடித்துத் தங்கிய விடுதி அறைகள், காலையில் வேலைக்கு ஆள் எடுக்கும் க்ரேவ் சதுக்கம் என்று ஒரு தொழிலின் முழுச் சித்திரமும் இதில் இருக்கிறது. வேலைநிறுத்தத்துக்கான பிரெஞ்சுச் சொல் அந்தச் சதுக்கத்தின் பெயரிலிருந்து வந்ததுதான். நதோ சாரத்திலிருந்து விழுந்து இரண்டு கைகளையும் உடைத்துக்கொள்கிறார். பிறகு இரவில் சக தொழிலாளர்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கிறார்.

நதோவின் பார்வையில் க்ரூஸ் காலியான ஊரே இல்லை. ஆட்கள் நிறைந்த, ஆட்களை அனுப்பி அனுப்பித் திரும்பப் பெறுகிற ஊர். போவதும் வருவதும் ஒரே மூச்சின் இரண்டு பாதி. 1850-களில் ரயில் வந்தது, பாரிஸை இடித்துக் கட்டும் ஓஸ்மானின் பெருந்திட்டமும் தொடங்கியது. வருஷம் முழுக்க வேலை. மெல்ல மெல்ல, போனவர்கள் அங்கேயே குடும்பத்தோடு தங்க ஆரம்பித்தார்கள். மூச்சில் ஒரு பாதி நின்றுபோனது. 1914-ல் வந்த போர் மிச்சமிருந்த இளைஞர்களில் ஒரு தலைமுறையைத் தின்றது. ழாந்தியூ கிராமத்தின் போர் நினைவுச்சின்னத்தில் வீரனோ கொடியோ இல்லை. பள்ளிச் சீருடை போட்ட அனாதைச் சிறுவன் ஒருவன், தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்து, இன்னொரு கை முஷ்டியை உயர்த்தி நிற்கிறான். அவன் பார்க்கும் வரி: போர் சபிக்கப்படட்டும். 1922-ல் வைத்தது. தியாகத்தைப் போற்றும் கற்களால் நிறைந்த பிரான்ஸில் இது அபூர்வம்.

மனிதர்கள் மட்டுமல்ல, பொருட்களும் போயின. இன்று பாரிஸின் க்ளூனி அருங்காட்சியகத்தில் கூட்டம் கூட்டமாகப் பார்க்கிற 'சீமாட்டியும் ஒற்றைக்கொம்புக் குதிரையும்' என்ற ஆறு திரைச்சீலைகள், க்ரூஸின் பூஸாக் கோட்டைச் சுவரில் ஈரத்தில் நைந்துகொண்டிருந்தவை. ஜார்ஜ் ஸாண்ட் அவற்றைப் பற்றி எழுதினார். 1882-ல் அருங்காட்சியகம் வாங்கிக்கொண்டது. நல்லதுதான், இல்லையென்றால் மக்கிப்போயிருக்கும். ஆனாலும் க்ரூஸிலிருந்து எது பத்திரமாக இருக்கணும் என்றாலும் அது பாரிஸுக்குப் போயாக வேண்டும் என்பது ஒரு விதியாகவே ஆகிவிட்டது.

*

பியேர் மிஷோன் 1945-ல் க்ரூஸில், லே கார் என்ற குக்கிராமத்தில் பிறந்தார். அம்மா பள்ளி ஆசிரியை. அப்பா சின்ன வயதிலேயே வீட்டை விட்டுப் போய்விட்டார். முப்பத்தெட்டு வயது வரை புத்தகம் எதுவும் வரவில்லை. 1984-ல் காலிமார் பதிப்பகம் 'வீ மினுஸ்க்யூல்' என்ற நூலை வெளியிட்டது. 'சிறு வாழ்வுகள்' என்று சொல்லலாம். 2008-ல் ஆங்கிலத்தில் 'ஸ்மால் லைவ்ஸ்' என்று வந்த மொழிபெயர்ப்பு வழியாகத்தான் நம்மில் பலரும் அதை அடைய முடியும்.

எட்டு அத்தியாயம், எட்டு வாழ்க்கை. எல்லாம் வரலாற்றில் ஒரு வரி கூடக் கிடைக்காதவர்களுடையவை. முதல் அத்தியாயத்தின் ஆந்த்ரே துஃபூர்னோ ஓர் அனாதை. அரசு அனாதை நலத்துறை அவனைப் பண்ணை வேலைக்கென்று கதைசொல்லியின் மூதாதையர் வீட்டில் கொண்டுவந்து விடுகிறது. எழுத்தும் அங்கேதான் கற்கிறான். பிறகு ஆப்பிரிக்கக் காலனிக்குப் போகிறான், பணக்காரனாகத் திரும்புவேன், இல்லை அங்கேயே சாவேன் என்று சொல்லிவிட்டு. ஒருமுறை வந்து போகிறான். அப்புறம் கடிதங்கள் நிற்கின்றன. என்ன ஆனான் என்று யாருக்கும் தெரியாது. பாட்டி தனக்குத் தோன்றிய ஒரு முடிவை அவனுக்குக் கொடுக்கிறாள், பேரன் அதை எழுதுகிறான், அது வெறும் ஊகம்தான் என்று தெரிந்தே. இரண்டாவது அத்தியாயத்தில் அப்பாவோடு சண்டை போட்டு வீட்டை விட்டுப் போன அந்த்வான் பெலுஷே. மகன் அமெரிக்காவில் செழிப்பாக இருப்பதாக அப்பா சொல்லிக்கொண்டே இருக்கிறார். கைதிகளோடு விலங்கிடப்பட்டுப் போனதைப் பார்த்தேன் என்று ஊரில் இன்னொரு பேச்சு.

இந்த இரண்டு அத்தியாயங்களையும் நதோவுக்குப் பிறகு படிக்கும்போது ஒன்று புரிகிறது. நதோ எழுதியது திரும்பி வந்தவரின் கதை. முப்பதாயிரம் பேர் கிளம்பினால் அதில் எத்தனையோ பேர் திரும்பவில்லை, அவர்களில் யாரும் புத்தகம் எழுதவில்லை. மிஷோன் எடுத்துக்கொள்வது அந்தக் 'நல்' கட்டங்களை. அதில் பூஜ்யம் போட மறுக்கிறார். சாத்தியங்களைப் போடுகிறார்: இப்படி நடந்திருக்கலாம், அல்லது இப்படி, அல்லது கிழவி சொன்னபடியே.

எழுதும் விதம்தான் எல்லோரையும் அசரவைத்தது. விவசாயிகளைப் பற்றி எழுத விவசாயிகளின் எளிய பேச்சைப் பயன்படுத்துவதுதானே வழக்கம்? மிஷோன் தலைகீழாகச் செய்கிறார். அரசர்களுக்கும் புனிதர்களுக்கும் ஒதுக்கப்பட்டிருந்த செவ்வியல் நடையை, அரைப் பக்கம் நீளும் வாக்கியங்களை, ஒரு பண்ணையாளுக்குக் கொடுக்கிறார். ஒரு வகையில் அது நீதி. இவர்களும் இந்த மொழிக்கு உரியவர்கள்தான், உள்ளே விடவில்லை, அவ்வளவுதான் என்று அந்த வாக்கியங்கள் சொல்கின்றன.

ஆனால் படிக்கப் படிக்க ஒரு சந்தேகம் வரத்தான் செய்கிறது. புத்தகம் நகர நகரக் கதைசொல்லியின் சொந்தக் கதை பெரிதாகிறது. எழுத முடியாமல் குடித்துச் சீரழிகிறான், காதலை நாசமாக்குகிறான், மருத்துவமனையில் கிடக்கிறான். எட்டுச் சிறு வாழ்வுகளும் சேர்ந்து ஒன்பதாவதான ஒரு பெரிய வாழ்வைக் காப்பாற்றுவதற்கான படிக்கட்டுகளா? எழுத்தாளன் மீட்சி அடைவதற்குப் பண்ணையாட்கள் பலியாக வேண்டுமா? இந்தக் கேள்வியைத் தவிர்த்துவிட்டு மிஷோனைக் கொண்டாடுவது அவருக்கே செய்கிற அவமரியாதை. ஏனென்றால் அவரே இதைக் கேட்கிறார், கிழவர் ஃபூக்கோவின் அத்தியாயத்தில்.

க்ளெர்மோன்-ஃபெரான் நகர மருத்துவமனை. தொண்டையில் புற்றுநோயோடு ஒரு கிழவர். பாரிஸுக்குப் போனால் சிகிச்சை உண்டு, பிழைக்கலாம் என்று டாக்டர்கள் கெஞ்சுகிறார்கள். அவர் மாட்டேன் என்கிறார். காரணமும் சொல்வதில்லை. கடைசியில், நெருக்கிக் கேட்டபோது, சொல்கிறார்: எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எல்லோருக்கும் எல்லாம் தெரிந்த அந்தப் பெருநகரத்தில் எழுத்தறியாதவனாக நிற்பதைவிட இங்கேயே செத்துப்போவது மேல். பக்கத்துக் கட்டிலில், எழுத்தை வைத்தே தன்னை மீட்டுக்கொள்ள நினைக்கிற, ஆனால் ஒரு வரி எழுதத் துப்பில்லாத கதைசொல்லி. இங்கே மட்டும் அந்தப் பெரிய வாக்கியம் கிழவருக்குக் கீழே நிற்கிறது. அவருடைய மறுப்பை விளக்குகிறது, ஆனால் அதைத் தன்னுடையதாக்கிக்கொள்ள முடியவில்லை. நதோவின் தாத்தா சொன்னது நினைவுக்கு வருகிறது. எழுத்தில்லாமலும் சாப்பிட்டோம் என்று ஒரு காலத்தில் நிமிர்ந்து சொல்ல முடிந்தது. நூற்றைம்பது வருஷத்தில் அந்த நிமிர்வு, உயிரைக் கொடுத்தாவது மறைக்க வேண்டிய வெட்கமாக மாறிவிட்டது. கிராமம் காலியாவது இப்படித்தான் மனிதனுக்குள்ளே நடக்கிறது. இதை எந்த மக்கள்தொகை அட்டவணையும் சொல்லாது. இந்த ஒரு அத்தியாயத்துக்காகவே மிஷோனைப் படிக்கலாம்.

*

மூன்றாவது புத்தகத்தின் கதை க்ரூஸிலிருந்து ஒன்பதாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால், இந்தியப் பெருங்கடலில் இருக்கும் ரெயூனியோன் தீவில் தொடங்குகிறது. அதுவும் ஒரு பிரெஞ்சு மாவட்டம்தான். 1848-ல் அடிமை முறை ஒழிந்த பிறகு கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகத் தமிழர்கள் ஆயிரக்கணக்கில் கொண்டுபோகப்பட்ட தீவு. இன்றும் அங்கே 'மல்பார்' என்று அழைக்கப்படும் அவர்களின் வம்சாவளியினர் பலருக்குத் தமிழ்ப் பெயர்கள், பிரெஞ்சுப் பதிவேட்டில் உருக்குலைந்த எழுத்துகளில்.

1960-களில் தீவில் மக்கள் பெருகுகிறார்கள், வறுமை. 1963-ல் ரெயூனியோனின் நாடாளுமன்ற உறுப்பினராகத் தேர்வானவர் முன்னாள் பிரதமர் மிஷெல் தெப்ரே. அங்கே ஆள் அதிகம், இங்கே கிராமங்கள் காலி. இரண்டு நெடுவரிசையையும் நேர்செய்தால் கணக்கு முடிந்துவிடும் என்று அரசு நினைத்தது. தீவின் குழந்தைகள் நலத்துறை வழியாகச் சிறுவர் சிறுமியரை விமானத்தில் ஏற்றி பிரான்ஸுக்கு அனுப்பினார்கள். சிலர் அனாதைகள், பலர் இல்லை. படிப்பார்கள், லீவுக்கு வருவார்கள் என்று பெற்றோருக்குச் சொல்லப்பட்டது. எழுதப் படிக்கத் தெரியாத பெற்றோர் விரல் ரேகை வைத்தார்கள். முதலில் வந்து இறங்கிய இடங்களில் முக்கியமானது கெரேயில் இருந்த விடுதி. அங்கிருந்து தத்துக்கும் பண்ணைகளுக்கும் பிரித்து அனுப்பினார்கள். பலருக்குச் சம்பளமில்லாத பண்ணை வேலைதான் வாய்த்தது. நிபுணர் குழு ஒன்று 2018-ல் கொடுத்த அறிக்கையின்படி, 1962-க்கும் 1984-க்கும் இடையே குறைந்தது 2,015 குழந்தைகள், 83 மாவட்டங்களுக்கு. க்ரூஸுக்கு வந்தது அதில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்குதான். ஆனாலும் பெயர் நிலைத்துவிட்டது: 'க்ரூஸின் குழந்தைகள்'.

அவர்களில் ஒருவர் ழான்-ழாக் மார்சியால். 1966-ல் சிறுவனாகக் கொண்டுவரப்பட்டவர். 2002-ல் பிரெஞ்சு அரசு மீது நூறு கோடி யூரோ கேட்டு வழக்குப் போட்டார். அதுவரை பிரான்ஸில் பெரும்பாலானோருக்கு இப்படி ஒன்று நடந்ததே தெரியாது. 2003-ல் அவருடைய நூல் வந்தது. தலைப்பின் பொருள் 'திருடப்பட்ட குழந்தைப்பருவம்'. இலக்கிய விமர்சகர்கள் இந்த மாதிரிப் புத்தகங்களை 'சாட்சியம்' என்ற அலமாரியில் வைத்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். வைக்கட்டும். ஆனால் மிஷோனுக்குப் பக்கத்தில் அதை வைத்துப் பார்த்தால் ஒரு விஷயம் உறைக்கிறது.

துஃபூர்னோ யார்? அரசு கொண்டுவந்து பண்ணையில் விட்ட அனாதை. 'சிறு வாழ்வுகள்' வெளிவந்த 1984 எந்த ஆண்டு? அந்தக் குழு குழந்தைகள் இடமாற்றத்துக்கு வைக்கிற கடைசி ஆண்டு. தற்செயல்தான். மிஷோன் அவர்களைப் பற்றி ஏன் எழுதவில்லை என்று நான் கேட்கவில்லை, அது அர்த்தமில்லாத கேள்வி. அவர் எழுதியது தன் பாட்டியின் ஞாபகத்தை. ஆனால் இன்று அந்த முதல் அத்தியாயத்தைப் படிக்கும் ஒருவரால், பண்ணை முற்றத்தில் வந்து நிற்கும் அந்தச் சிறுவனைக் கறுத்த தோலோடும் கற்பனை செய்யாமல் இருக்க முடியாது. காலனிக்குப் போன க்ரூஸின் அனாதையும், காலனியிலிருந்து க்ரூஸுக்கு வந்த 'அனாதை'யும் ஒரே இயந்திரத்தின் இரண்டு முனைகள்.

மிஷோன் முறையின் எல்லையும் இங்கேதான் இருக்கிறது. துஃபூர்னோவின் வாழ்க்கையில் இருக்கிற வெற்றிடம் காலத்தால் வந்தது. கடிதங்கள் நின்றன, சாட்சிகள் செத்தார்கள். அந்த இடத்தைக் கற்பனையால் நிரப்புவது ஒரு கருணை. ஆனால் மார்சியால் போன்றவர்களின் வாழ்க்கையில் இருக்கிற வெற்றிடம் செய்யப்பட்டது. ஒரு அலுவலகத்தில், ஒரு படிவத்தில், ஒரு கையெழுத்தில். அண்ணன் தம்பிகளைப் பிரித்தார்கள், அம்மா அப்பா இருப்பதையே மறைத்தார்கள். அந்தக் கட்டத்தை அழகான வாக்கியத்தால் நிரப்பினால் அது அழித்தவர்களுக்குத்தான் உதவும். அங்கே வேண்டியது கற்பனையில்லை, கோப்பு. தேதி, பெயர், பிறந்த ஊர், யார் கையெழுத்துப் போட்டார்கள் என்ற விவரம். மார்சியாலின் புத்தகத்தை ஒரு வழக்கு மனுவின் நீட்சியாகப் பார்ப்பது அதைக் குறைத்துச் சொல்வது ஆகாது. அதற்கு வேண்டிய வடிவமே அதுதான்.

நீதிமன்றத்தில் அவர் தோற்றார், காலம் கடந்துவிட்டது என்று. 2014 பிப்ரவரி 18 அன்று பிரெஞ்சு நாடாளுமன்றம் ஒரு தீர்மானம் நிறைவேற்றியது. அரசுக்கு இதில் தார்மீகப் பொறுப்பு உண்டு, அந்தக் குழந்தைகள் தங்கள் சொந்த வரலாற்றைத் திரும்பக் கட்டியெழுப்ப வழி செய்ய வேண்டும் என்றது. வரலாற்றைத் திரும்பக் கட்டுவது. நதோ, மிஷோன், மார்சியால் மூவரும் செய்தது அதைத்தான், ஆளுக்கொரு கருவியோடு.

இன்று க்ரூஸில் பல பத்தாண்டுகளாகப் பிறப்பைவிட இறப்பு அதிகம். லிமூஸேன் மாடுகள் மேய்கின்றன. ஒபுஸ்ஸோன் நகரத்தில் திரைச்சீலை நெய்கிறார்கள், 2009-ல் யுனெஸ்கோ அந்தக் கலையைப் பட்டியலில் சேர்த்தது. கொத்தனார்கள் தங்களுக்காகக் கட்டிக்கொண்ட கல்வீடுகளை ஆங்கிலேயர்களும் டச்சுக்காரர்களும் வாங்குகிறார்கள். மேப்பில் பார்த்தால் பச்சை, நடுநடுவே சாம்பல் புள்ளிகள். காலி என்றுதான் தோன்றும். மிஷோனை எடுப்பவர்கள் ஃபூக்கோவின் அத்தியாயத்திலிருந்து தொடங்குங்கள். பிறகு முதல் அத்தியாயத்துக்குப் போங்கள். துஃபூர்னோ பண்ணை முற்றத்தில் வந்து நிற்கும் இடத்தில் கொஞ்சம் நின்று, கெரேக்கு வந்து இறங்கிய அந்தப் பிள்ளைகளையும் அவன் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள்.